திரும்பக் கேட்ட பரிசு

ஈறில் ஊசி போட்ட பல் டாக்டரம்மா, "நல்லா மரக்கட்டும், கொஞ்ச நேரம் வெளிய உக்காருங்க" என்று சொல்லி அனுப்பியிருந்தார். குணாளன் வெளியே வந்து மின்விசிறிக்கு நேர்கீழே இருந்த நாற்காலியில் உட்கார்ந்தான். சரியாக உட்காரும் முன்பே செல்போன் கைக்கு வந்துவிட்டது. திரையில் காலையிலிருந்து பார்த்துப் பார்த்துச் சலித்த அதே பக்கம், அதே வரி. உங்கள் கோரிக்கை பரிசீலனையில் உள்ளது. நண்பன் ஹாஜாவுக்கு வாங்கிக் கொடுத்த கணினி விளையாட்டின் பணத்தைத் திரும்பக் கேட்டவன் அவன்தான், யாரும் அவன் கையைப் பிடித்து எழுதவைக்கவில்லை, இப்போது அந்தக் கோரிக்கையை யாராவது பிடித்து நிறுத்தினால் தேவலை என்று தவிப்பவனும் அவன்தான். விலக்கிக்கொள்ள ஒரு பொத்தான் இருக்கும் என்றுதான் நினைத்தான். இருக்கிறது, மற்றவர்களுக்கு. பரிசாக வாங்கிக் கொடுத்த விளையாட்டாக இருந்தால் மட்டும் உதவி மையத்தோடு பேச வேண்டுமாம். பேசலாம் என்று தட்டினால், எங்கள் ஊழியர் விரைவில் வருவார், காத்திருங்கள் என்று மூன்று புள்ளிகள் துள்ளிக்கொண்டே இருந்தன. கீழுதட்டின் இடது ஓரத்தில் எறும்பு ஊர்வதுபோல ஆரம்பித்தது. தொட்டுப் பார்த்தான். விரலுக்கு உதடு தெரிந்தது, உதட்டுக்கு விரல் தெரியவில்லை. எதிர் நாற்காலியில் கன்னத்தில் கை வைத்திருந்த பெரியவர் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைவாய்ப் பல்லா என்று கேட்பார்போல இருந்தது. கேட்டுவிடக் கூடாதே என்று குணாளன் தலையைக் குனிந்துகொண்டான்.

காலையில் பல் விளக்கிக்கொண்டிருக்கும்போதுதான் ஷமீமா பேசினாள். ஹாஜாவின் மனைவி அவனுக்குப் போன் செய்வது வருஷத்தில் ஒரு தடவை நடந்தால் அதிகம், பெருநாளுக்கு வரச்சொல்லிக் கூப்பிடுவாள், அவ்வளவுதான். பெயரைப் பார்த்ததுமே, ஓஹோ, அவன் பேசாமல் பெண்டாட்டியை விட்டுப் பேசச் சொல்கிறானா என்றுதான் முதலில் தோன்றியது. அது தோன்றியதை இப்போது நினைத்தால் கூசுகிறது. "அண்ணே, உங்ககிட்ட சொல்லக் கூடாதுன்னுதான் இருந்தாங்க. நான்தான் மனசு கேக்காம பண்றேன்" என்று ஆரம்பித்தாள். ஒரு நாள் கல்யாண மண்டபத்தில் படம் எடுத்துக்கொண்டிருக்கும்போதே ஹாஜாவின் இடது கண்ணில் கறுப்பாகத் திரை இறங்கியிருக்கிறது. கேமராவில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்து லென்ஸைக் கழற்றித் துடைத்துத் துடைத்துப் பார்த்திருக்கிறான். விழித்திரை விலகிவிட்டது, உடனே அறுக்க வேண்டும் என்றார்களாம். மதுரைக்குக் கொண்டுபோய் ஆபரேஷன் பண்ணி, கண்ணுக்குள் காற்றுக் குமிழி ஒன்று வைத்து, அது மேலே எழும்பி விழித்திரையை அழுத்திப் பிடிக்க வேண்டும் என்பதற்காக ராத்திரி பகல் குப்புறவே படுக்க வைத்திருக்கிறார்கள். "சாப்பாடுகூடக் குனிஞ்சுக்கிட்டேதாண்ணே. தலையத் தூக்கக் கூடாதுன்னுட்டாங்க. யார்கிட்டயும் மூச்சு விடாதேன்னு சொல்லிட்டாங்க. போட்டோகிராபருக்குக் கண்ணு போச்சுன்னு வெளிய தெரிஞ்சா எவன் கூப்புடுவான்னு. உங்ககிட்டயாவது சொல்றேனேன்னு கேட்டேன். அவன் வேலையப் போட்டுட்டு ஓடி வருவான், வேணாம்னுட்டாங்க." ஓடி வருவான் என்று சொல்லியிருக்கிறான். குப்புறப் படுத்துக்கொண்டு, தரையைப் பார்த்துக்கொண்டு, அவன் ஓடி வருவான் என்று. வாயில் நுரையோடு குணாளன் கண்ணாடி முன்னால் நின்றான். துப்பக்கூடத் தோன்றவில்லை. "இந்தச் சனிக்கிழமைலேருந்து கொஞ்ச நேரம் திரை பாக்கலாம்னு டாக்டர் சொல்லியிருக்காங்கண்ணே. சாயங்காலம் அந்தப் படகு விளையாட்டு விளையாடுவீங்கள்ல ரெண்டு பேரும், நீங்க கூப்புட்டீங்கன்னா எந்திரிச்சு உக்காருவாங்க. ஒரு வார்த்தை பேச மாட்டேங்குறாங்க" என்றாள். அவன் சரிம்மா, சரிம்மா என்றான். அதற்கப்புறம் அவள் ஒரு கணம் சும்மா இருந்தாள். பிறகு, "சரி, வச்சிடுறேண்ணே" என்றாள்.

அந்த ஒரு கணம். காலையிலிருந்து அவன் அதைத்தான் திருப்பித் திருப்பிப் பார்க்கிறான். ஏதோ கேட்க வந்து விழுங்கிக்கொண்டாளா, அடுப்பில் பால் பொங்கியதா, பின்னாலிருந்து ஹாஜா கூப்பிட்டானா. அவளுக்குத் தெரியுமா. அவனுக்குத் தெரியுமா. பரிசைத் திரும்பக் கேட்டால் பரிசு வாங்கியவனுக்கும் தகவல் போகும் என்று விதிமுறையில் எங்கோ பொடி எழுத்தில் இருந்தது, அதைக் கோரிக்கை அனுப்பிய அன்று அவன் படிக்கவில்லை, இன்று காலையில் படித்தான். எப்போது போகும் என்று போடவில்லை. கேட்டவுடனேயா, எல்லாம் முடிந்த பிறகா. முடிந்த பிறகுதான் என்றால் இன்னும் நேரம் இருக்கிறது, இன்று நிறுத்திவிட்டால் ஹாஜாவுக்கு எதுவுமே தெரியப்போவதில்லை, சனிக்கிழமை சாயங்காலம் வழக்கம்போல உட்கார்ந்து, என்னடா கண்ணாயிரம் என்று கிண்டல் செய்து, துடுப்பைப் போட ஆரம்பித்துவிடலாம். கேட்டவுடனே போயிருந்தால். அதற்குமேல் யோசனை நகராமல் நின்றது. நின்ற இடத்தில் அந்தக் கட்டம் இருந்தது. காரணம் என்று தலைப்புப் போட்டு, கீழே எழுதுவதற்குக் காலியாக விட்டிருந்த கட்டம்.

ஒன்றும் எழுதாமல் விட்டிருக்கலாம். பிடிக்கவில்லை, தவறுதலாக வாங்கிவிட்டேன், கணினியில் ஓடவில்லை என்று அவர்களே தயாராகப் பட்டியல் கொடுத்திருந்தார்கள், ஒன்றைத் தொட்டிருந்தால் போதும். அவன் கடைசியில் இருந்த 'மற்றவை'யைத் தொட்டான். தொட்டுவிட்டு, ஆபீசில் மேலதிகாரிக்குக் குறிப்பு எழுதுவதுபோல இங்கிலீஷில் நிதானமாக எழுதினான். யாருக்காக இதை வாங்கினேனோ அந்த நண்பனுக்கு இதன் மதிப்புத் தெரியவில்லை, இனி அவனோடு விளையாட எனக்கு விருப்பமும் இல்லை. எழுதிவிட்டுப் படித்துப் பார்த்தான். 'நண்பன்' என்பதை அழித்துவிட்டு 'நபர்' என்று போட்டான். அந்தத் திருத்தம் அவனுக்குப் பிடித்திருந்தது. அதுதான் இப்போது ஆறவே மாட்டேன் என்கிறது. கோபத்தில் எழுதியது என்று சொல்லித் தப்பிக்க முடியாது, கோபத்தில் எழுதுகிறவன் வார்த்தையை எடுத்து வைத்துப் பார்த்துக்கொண்டிருக்க மாட்டான். காபி குடித்துக்கொண்டே செய்தான். அனுப்பிவிட்டு டம்ளரைக்கூடக் கழுவி வைத்தான்.

புள்ளிகள் துள்ளிக்கொண்டிருந்தன. இடது கன்னம் முழுக்கத் தடித்து, முகத்தோடு யாரோ ஒரு தலையணையைச் சேர்த்துத் தைத்துவிட்டதுபோல இருந்தது. ரிசப்ஷனில் இருந்த ஜெசிந்தா, "மரத்துருச்சாங்க சார்?" என்று கேட்டாள். ஆமாம் என்று சொல்ல நினைத்ததற்கு, 'ம்மாம்' என்று வந்தது. "நாக்கும் மரக்கணும், அப்பதான். உள்ள ஒரு பேஷண்ட் இருக்காங்க, முடிஞ்சதும் கூப்புடுறேன்." தலையாட்டினான். ஏன் ஒரு போன் போடவில்லை என்று ஷமீமா கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பான். முதல் சனிக்கிழமை ஹாஜா வராதபோது 'எங்கடா?' என்று ஒரு செய்தி அனுப்பினான், சேர்ந்த அடையாளம் வந்தது, படித்த அடையாளம் வரவில்லை. கல்யாண சீசன், மண்டபத்தில் மாட்டிக்கொண்டிருப்பான் என்று நினைத்தான். அடுத்த சனிக்கிழமை செய்தியும் அனுப்பவில்லை. நான் ஏன் அனுப்ப வேண்டும், அவனுக்குத் தோன்ற வேண்டாமா. தனியாக அந்தப் படகில் ஏறிப் பார்த்தான். ரெண்டு பேர் ஆடுவதற்கென்றே செய்த விளையாட்டு அது, இடது துடுப்பு ஒருவனுக்கு, வலது துடுப்பு இன்னொருவனுக்கு, ஒருவன் மட்டும் போட்டால் படகு கரையோரமாகவே வட்டம் சுற்றும். சுற்றியது. அதற்கு அடுத்த சனிக்கிழமை கணினியைத் திறந்து வைத்துக்கொண்டு ஹாஜாவின் பெயருக்கு முன்னால் பச்சைப் புள்ளி வருகிறதா என்று பார்த்துக்கொண்டே இருந்தான். கீழ் வீட்டுக்காரர் குழாயை மூடிவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு, வண்டியை எடுத்துக்கொண்டு போனார், திரும்பி வந்தார், புள்ளி வரவில்லை. ஹாஜா இருக்கும் தஞ்சாவூர் என்ன அமெரிக்காவிலா இருக்கிறது. பஸ் ஏறினால் ஒரு மணி நேரம். அத்தனை நேரம் புள்ளியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவனுக்கு எழுந்து போய்ப் பார்த்துவிட்டு வருவோம் என்று ஒரு தடவைகூடத் தோன்றவில்லை. அந்த நேரத்தில் ஹாஜா தலையணையில் நெற்றியை முட்டுக்கொடுத்துக்கொண்டு தரையின் மொசைக்கைப் பார்த்துக்கொண்டிருந்திருப்பான். ஒரு கண்ணால்.

முந்திக்கொள்வது அவனுக்குப் பழக்கம். அடுத்தவன் விடுவதற்குள் தான் கையை எடுத்துக்கொண்டுவிட வேண்டும். பாலக்கரையில் அந்தக் காலத்தில் ஒரு பிரௌசிங் சென்டர் இருந்தது, அங்கேதான் ஹாஜா பழக்கமானான், ரெண்டு பேரும் வேறு வேறு பள்ளிக்கூடம். ஆளுக்கொரு கம்ப்யூட்டருக்குக் காசு பத்தாமல் ஒரே கீபோர்டில் ரெண்டு பேர் விளையாடுவார்கள், அம்புக்குறி பக்கம் ஹாஜா, எழுத்துப் பக்கம் குணாளன், தோளும் தோளும் இடிக்கும். ஹாஜாவின் சட்டையில் எப்போதும் அவன் வாப்பா கடை அத்தர் வாசனை. ஒரு தடவை ஹாஜா வர நேரமானது என்று, அவன் இடத்தில் வேறொருவனை உட்கார வைத்துக் குணாளன் விளையாட ஆரம்பித்துவிட்டான். ஹாஜா வந்தான், பின்னால் நின்று கடைசிவரை வேடிக்கை பார்த்தான், நல்லா ஆடுனடா என்றான். ஹாஜாவின் கல்யாணத்தில் என்ன நடந்தது. மேடையில் ஹாஜா யாரையோ கட்டிப் பிடித்துக்கொண்டிருந்தான், இவன் கைநீட்டியதைப் பார்க்கவில்லை, பார்க்கவில்லை அவ்வளவுதான், இவன் இறங்கி நேராக வீட்டுக்கு வந்துவிட்டான், சாப்பிடாமல். மறுநாள் மத்தியானம் புது மாப்பிள்ளை டிபன் கேரியரில் பிரியாணியோடு வாசலில் நிற்கிறான். ஏன் போனாய் என்று கேட்கவில்லை. தட்டு எடுத்துட்டு வா, ஆறிடும் என்றான். இவன் தின்றான், அவன் எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தான். கரூரில் பார்த்துவிட்டு வந்த பெண் வீட்டார் பதில் சொல்ல ஒரு வாரம் எடுத்துக்கொண்டார்கள் என்பதற்காக, நமக்கு வேண்டாம் என்று சொல்லிவிடு என அம்மாவை நச்சரித்துப் போன் போட வைத்ததும் இவன்தான். அந்தப் பக்கத்தில் பெண்ணின் அப்பா, நல்ல நாள் பார்த்துச் சொல்லலாம்னு இருந்தோம்மா என்றாராம். அம்மா அதைச் சொல்லிச் சொல்லியே போய்ச் சேர்ந்தாள். பிறகு எத்தனையோ இடம் பார்த்தும் எதுவும் அமையவில்லை, முப்பத்தொன்பது வயதாகிறது, ரயில்வே ஆபீஸ், புத்தூர் மாடி அறை, சனிக்கிழமை சாயங்காலம். அந்தச் சனிக்கிழமை சாயங்காலத்தையும் ஹாஜாதான் ஆரம்பித்து வைத்தான். நீ தனியா கெடந்து என்னடா பண்ற, வா, பழையபடி ஆடுவோம் என்று. இந்தப் படகு விளையாட்டை ஹாஜாவின் பிறந்தநாளுக்கென்று இவன் வாங்கி அனுப்பியபோது, "மாப்ள, எனக்கு எவனும் இந்த வயசுல பொம்மை வாங்கிக் குடுத்ததில்லடா" என்று சொல்லிக் கரகரவென்று சிரித்தான். அந்த விளையாட்டில் முதல் பாலம்வரைதான் போயிருந்தார்கள்.

புள்ளிகள் நின்றன. வணக்கம், நான் மெலிஸா, உங்களுக்கு எப்படி உதவலாம் என்று வந்தது. மனிதப் பிறவியா எந்திரமா தெரியவில்லை, எதுவாக இருந்தால் என்ன. கோரிக்கையைத் திரும்பப் பெற வேண்டும் என்று அடித்தான். அவசரத்தில் எழுத்து மாறி மாறி விழுந்தது, அழித்து மறுபடி அடித்தான். ஆணை எண் கேட்டாள், கொடுத்தான். பார்க்கிறேன், தயவுசெய்து காத்திருங்கள். பார்க்கிறாள். எதிரே இருந்த பெரியவரை ஜெசிந்தா உள்ளே அனுப்பினாள், அவர் போகும்போது இவன் தோளில் தட்டிவிட்டுப் போனார், பல் பிடுங்கத்தான் இவ்வளவு பயப்படுகிறான் என்று நினைத்துவிட்டார்போல. நிறுத்த முடியாது என்று சொன்னால் என்ன செய்வது. புதிதாக வாங்கி மறுபடி அனுப்பலாம். அனுப்பினால், இது ஏன் ரெண்டாம் தடவை வருகிறது என்று ஹாஜா கேட்க மாட்டானா. கேட்க மாட்டான். அவன்தான் எதையுமே கேட்பதில்லையே. கேட்டுத் தொலைத்திருந்தால், ஒரு தடவையாவது சட்டையைப் பிடித்து ஏண்டா இப்படிப் பண்ணினாய் என்று உலுக்கியிருந்தால், இவன் கொஞ்சம் திருந்தியிருப்பானோ என்னவோ. பார், இப்போதும் பழியை அவன் மேல்தான் போடுகிறது புத்தி. எச்சில் ஒழுகியது, தெரியவில்லை, சட்டையில் சொட்டிய பிறகுதான் கைக்குட்டையை எடுத்தான்.

நன்றி, பார்த்துவிட்டேன் என்றாள் மெலிஸா. இது பரிசு என்பதால், பெற்றுக்கொண்டவரின் சம்மதம் இல்லாமல் நாங்கள் பணத்தைத் திருப்பித் தருவதில்லை. அவர் இன்னும் சம்மதமும் சொல்லவில்லை, மறுக்கவும் இல்லை. ஆகவே உங்கள் கோரிக்கை திறந்தே இருக்கிறது, தாராளமாகத் திரும்பப் பெறலாம். செய்துவிடட்டுமா? செய்துவிடுங்கள் என்று அடித்து, அனுப்பும் முன் நிறுத்தினான். முதல் வரிக்குப் போனான். பெற்றுக்கொண்டவரின் சம்மதம். அப்படியானால் கேட்டிருக்கிறார்கள். ஹாஜாவிடம் கேட்டிருக்கிறார்கள். அடித்ததை அழித்துவிட்டு, அவருக்குத் தகவல் போய்விட்டதா என்று கேட்டான். ஆம், நீங்கள் கோரிய அன்றே. அவர் பார்த்தாரா? செவ்வாய்க்கிழமை அந்தச் செய்தி திறக்கப்பட்டிருக்கிறது. செவ்வாய்க்கிழமை. ஆபீசில் கேன்டீன் வடை நன்றாக இருக்கிறது என்று எல்லோரும் பேசிக்கொண்ட நாள், இவனும் ரெண்டு தின்ற நாள், அப்போதுதான் இந்தப் பல் தெறித்தது. வேறு ஏதேனும் உதவி வேண்டுமா என்று மெலிஸா கேட்டாள். கேட்காமல் விட்டுவிடலாம். தெரியாமலே இருந்துவிடலாம், தெரிந்து என்ன ஆகப்போகிறது. விரல் தானாக அடித்தது. நான் எழுதிய காரணம் அவருக்குத் தெரியுமா? ஆம், இரு தரப்பும் அறிந்துகொள்வதற்காகக் காரணத்தையும் அப்படியே சேர்த்து அனுப்புவது எங்கள் வழக்கம்.

அப்படியே. மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது, உள்ளேயிருந்து பல்லை ராவும் எந்திரத்தின் சத்தம் வந்து நின்று மறுபடி வந்தது. அப்படியே என்றால் 'நபர்' உட்பட. குப்புறப் படுத்திருப்பவன் போனைப் பார்க்கக் கூடாது, ஷமீமாதான் படித்திருப்பாள். கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அவள் பன்னிரண்டாவதுவரை இங்கிலீஷ் மீடியம், ஹாஜா பெருமையாகச் சொல்லிக்கொள்வான், ஒவ்வொரு வார்த்தையாகப் படித்து, இதுக்கு என்னங்க அர்த்தம் என்று கேட்க வேண்டிய அவசியம்கூட இருந்திருக்காது. படித்துவிட்டு ரெண்டு நாள் வைத்துக்கொண்டிருந்து, அதற்குப் பிறகும் அண்ணே என்று கூப்பிட்டிருக்கிறாள். கூப்பிட்டு, விளையாட வாங்கண்ணே என்று. அந்த ஒரு கணம் சும்மா இருந்தாளே, அப்போது காத்திருந்திருக்கிறாள். இவனாக ஏதாவது சொல்வானா என்று. இவன் சரிம்மா சரிம்மா என்று நுரையோடு நின்றிருக்கிறான். ஹாஜா சம்மதமும் சொல்லவில்லை, மறுக்கவும் இல்லை. எடுத்துக்கோ என்று ஒரு தட்டுத் தட்டியிருந்தால் முடிந்திருக்கும். தர மாட்டேன் என்று தட்டியிருந்தாலும் முடிந்திருக்கும். ரெண்டையும் செய்யாமல், திறந்த கதவைத் திறந்தபடியே போட்டுவிட்டுப் படுத்திருந்திருக்கிறான். செய்துவிடட்டுமா என்று மெலிஸா மறுபடி கேட்டாள். செய்துவிடுங்கள். செய்தாயிற்று, உங்கள் கோரிக்கை ரத்தாகிவிட்டது, விளையாட்டு இருவரின் கணக்கிலும் பழையபடி இருக்கும், இந்தத் தகவல் அவருக்கும் அனுப்பப்பட்டுவிட்டது, இனிய நாளாக அமையட்டும். இவ்வளவுதானா. இவ்வளவு சுலபமாகத் திரும்புகிற காரியம் அது ஒன்றுதான் என்று தோன்றியது.

போனை மடியில் வைக்கவில்லை, அதற்குள் அது அதிர ஆரம்பித்தது. ஹாஜா. பெயரைப் பார்த்துக்கொண்டே இருந்தான், எதிரே ஜெசிந்தா, "போனு சார்" என்றாள். எடுத்தான். "என்னடா மாப்ள" என்றான் ஹாஜா. குரல் எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல இருந்தது, இன்னும் குனிந்தே இருக்கிறானோ. ஹாஜா என்று கூப்பிட நினைத்தான், 'ஆயா' என்று வந்தது. "வாய்ல என்னத்த வச்சிருக்க?" பல்லு, ஊசி என்று எப்படியோ சொன்னான். "புடுங்கவா? எது, அந்தக் கடவாப் பல்லா? அப்பவே சொன்னேன்ல பாத்துக்கடான்னு." சிரித்தானா, மூச்சுதானா, தெரியவில்லை. ஏதோ வீட்டுச் சத்தம் அந்தப் பக்கம் கேட்டது, பாத்திரம், குழாய்த் தண்ணீர். "கேன்சல் பண்ணிட்டியாம்ல. ஷமீ படிச்சா" என்றான் ஹாஜா. குணாளன் எழுந்து நின்றுவிட்டான். மன்னிச்சிருடா, எனக்குத் தெரியாதுடா, நான் என்னமோ நினைச்சு, அந்த வார்த்தையை நான் எழுதியிருக்கவே கூடாதுடா என்று எல்லாவற்றையும் சேர்த்துச் சொன்னான். சொன்னதில் பாதி நாக்குக்குள்ளேயே புரண்டு, மீதி கொழகொழவென்று வெளியே விழுந்தது, அவனுக்கே புரியவில்லை. வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்த ஒரு பெண் திரும்பிப் பார்த்தாள். "ஒண்ணும் வெளங்கல" என்றான் ஹாஜா. மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தான். "விடுடா. புரிஞ்சிச்சு." அதைச் சொன்ன விதத்தில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் பிடித்துக்கொள்ள ஏதாவது இருந்திருக்கும். "கண்ணு?" என்று கேட்டான் குணாளன், அந்த ஒரு வார்த்தை மட்டும் ஒழுங்காக வந்தது. "இருக்கு. நெழலாட்டம் தெரியுது. போகப்போகத் தெரியும்கிறாங்க. தெரியாமலும் போகும்கிறாங்க."

"நா வர்றேன்" என்றான் குணாளன். ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னான். "இன்னைக்கே. பஸ் ஏறி." குழாய்த் தண்ணீர் நின்றது, ஷமீமா அறைக்குள் வந்திருக்க வேண்டும், ஏதோ மெதுவாகக் கேட்டாள், ஹாஜா ஒண்ணுமில்ல என்று அவளிடம் சொன்னான். பிறகு போனில், "வேணாம் மாப்ள" என்றான். "சனிக்கிழமை அதுல வா. நா வந்துடுவேன். வீட்டுக்கு இப்ப வேணாம்." வேறு ஏதோ சொல்லப்போகிறான் என்று குணாளன் காதை அழுத்தி வைத்துக்கொண்டு நின்றான். "பல்ல நல்லபடியா புடுங்கிட்டுப் போ. பேசிக்கிட்டு நிக்காத" என்று சொல்லி ஹாஜா வைத்துவிட்டான். குணாளன் சார் என்று ஜெசிந்தா கூப்பிட்டாள், அவன் நகரவில்லை, அவள் எழுந்து வந்து, "பயப்படாதீங்க சார், வலியே தெரியாது" என்று சொல்லி உள்ளே கூட்டிக்கொண்டு போனாள்.

நாற்காலி பின்னால் சாய்ந்தது, விளக்கு முகத்துக்கு நேராக வந்தது, வாயைத் திறந்தான். ஹாஜா மாப்ள என்றுதான் சொன்னான். முதலிலும் மாப்ள, வேண்டாம் என்றபோதும் மாப்ள. நபர் என்று எழுதியவனை மாப்ள என்று கூப்பிட வேண்டிய கட்டாயம் அவனுக்கு இல்லை. ஆனால் அது பழக்கத்தில் வருகிற வார்த்தை, கடைக்காரனையும் ஆட்டோக்காரனையும் ஹாஜா மாப்ள என்றுதான் கூப்பிடுவான். இப்ப வேணாம் என்றான். வேணாம் என்று மட்டும் சொல்லியிருக்கலாமே, இப்ப எதற்கு. இப்ப என்றால் கண் சரியாகும்வரை என்று அர்த்தமா, கோபம் ஆறும்வரையா, அல்லது முகத்தில் அடித்ததுபோல இருக்கக் கூடாதே என்பதற்காகச் சேர்த்துக்கொண்ட சொல்லா. டிபன் கேரியரோடு தேடி வந்தவன். பின்னால் நின்று நல்லா ஆடுனடா என்றவன். வீட்டு வாசலை அடைத்துக்கொண்டு நிற்பவனாக ஹாஜாவை நினைத்துப் பார்க்க முடியவில்லை, நினைக்க நினைக்க அந்த வாசலில் ஷமீமாதான் நிற்கிறாள், ஹாஜா உள்ளே எங்கோ. ஒருவேளை அவள் பொருட்டா. படித்துக் காட்டியவள் அவள், அந்த வார்த்தையை வாய்விட்டுச் சொல்ல வேண்டியிருந்தது அவளுக்கு. "நல்லாத் திறங்க, இன்னும் கொஞ்சம்" என்றார் டாக்டரம்மா. மண்டைக்குள் எதுவோ நறநறவென்று அசைந்தது, தாடையோடு சேர்த்துக் கழுத்தும் அந்தப் பக்கம் போயிற்று, வலி இல்லை. வலித்தால் தேவலை என்றிருந்தது. இப்ப வேணாம். சனிக்கிழமை அதுல வா. அதில் வரலாம், தண்ணீரும் படகும் உள்ள இடத்துக்கு வரலாம், முகம் தெரியாத இடத்துக்கு. இவன்தான் அத்தனை வருஷம் அதுவே போதும் என்று இருந்தவன். "முடிஞ்சது. வலிச்சுதா?" இல்லை என்று தலையாட்டினான். பஞ்சை வைத்துக் கடிக்கச் சொன்னார், அரைமணி நேரம் வாயைத் திறக்கக் கூடாது, எச்சில் துப்பக் கூடாது, ராத்திரி ஐஸ்கிரீம் சாப்பிடலாம்.

படியிறங்கித் தெருவுக்கு வந்தபோது வெயில் இன்னும் இருந்தது. கால் தானாக மெயின் ரோட்டுப் பக்கம்தான் போனது, நிறுத்தத்தில் நின்றான், எதற்கு நிற்கிறான் என்று அவனுக்கே தெரியவில்லை. ஒரு பஸ் வந்து ஒதுங்கியது. கண்டக்டர் படியில் தொங்கிக்கொண்டு, "தஞ்சாவூர், தஞ்சாவூர், வல்லம், தஞ்சாவூர்" என்று கூவினார். ரெண்டு பேர் இறங்கினார்கள், ஒரு அம்மா கட்டைப்பையோடு ஏறினாள், ஜன்னலோரம் ஓர் இடம் காலியாக இருந்தது, குணாளனுக்கு அது நன்றாகத் தெரிந்தது. அவன் நிற்கிற நிலையைப் பார்த்துவிட்டுக் கண்டக்டர், "ஏறுங்க சார், தஞ்சாவூர்தானே?" என்றார். வாயைத் திறக்க முடியாது. ஆமாம் என்று தலையாட்டினான். அவர் கையை நீட்டினார். பிறகு, இல்லை என்று ஆட்டினான். "என்ன சார், சரியாச் சொல்லுங்க, வர்றீங்களா இல்லையா?" கண்டக்டர் ஒரு நொடி அவன் முகத்தைப் பார்த்தார், விசிலை ஊதினார். பஸ் புகையைக் கக்கிக்கொண்டு கிளம்பிப் போனது. இப்ப வேணாம் என்றுதானே சொன்னான். நாக்கின் ஓரத்தில் ரத்தத்தின் உப்பு மெல்லத் தெரிய ஆரம்பித்தது. பஞ்சை இன்னும் கொஞ்சம் அழுத்திக் கடித்துக்கொண்டு, குணாளன் புத்தூர் பக்கம் நடந்தான்.